முகம் பார்த்து வரைகிறவள்

காதைப் பிடிக்கக் கூடாது, என்ன ஆனாலும் காதைப் பிடிக்கக் கூடாது என்று ஞானதுரை தன் வலது கையை இடது கையால் இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றான். ஜன்னல் கம்பி வெயிலில் சூடேறியிருந்தது. கம்பிக்கு அந்தப் பக்கம் பள்ளிக்கூட ஹால், ஹால் முழுக்கத் தரையில் பிள்ளைகள், ஆளுக்கொரு பரீட்சை அட்டை, அட்டையில் கிளிப் போட்ட வெள்ளைத்தாள். இந்தப் பக்கம் பெற்றோர்கள். பெற்றோர் உள்ளே வரக் கூடாது என்று மைக்கில் சொல்லிவிட்டார்கள், சரி, ஜன்னலுக்கு வரக் கூடாது என்று யாரும் சொல்லவில்லையே. பாளையங்கோட்டையில் எந்த ஓவியப் போட்டி நடந்தாலும் இந்தக் கூத்துதான். உள்ளே பிள்ளைகள் தாளில் வரைவார்கள், வெளியே அம்மாக்களும் அப்பாக்களும் கம்பியில் தொங்கிக்கொண்டு காற்றில் வரைவார்கள். அதோ ஒருத்தி காற்றில் தோகை விரிக்கிறாள். அவளுக்குப் பக்கத்தில் ஒருவர் பச்சை, பச்சை என்று சத்தமில்லாமல் வாயை மட்டும் அசைக்கிறார், மகன் அதை மஞ்சள் என்று எடுத்துக்கொண்டு மரத்துக்கெல்லாம் மஞ்சள் அடித்துக்கொண்டிருக்கிறான். உள்ளே மேற்பார்வைக்கு நிற்கிற டீச்சர் இதையெல்லாம் பார்த்தும் பாராததுமாக நடக்கிறார், அவர் பிள்ளையும் உள்ளே இருக்கலாம், யார் கண்டது. மூன்றாவது வரிசையில், தூணை ஒட்டி, ஷைனி. அவன் மகள், எட்டு வயது. பென்சில் முனை தாளில் ஊன்றியிருக்கிறது, ஆனால் நகரவில்லை. தலையை நிமிர்த்தி அவனையே பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

மூக்கைத் தொட்டால் அழுத்திப் போடு. நெஞ்சில் கை வைத்தால் சரி, மேலே போ. காதைப் பிடித்தால் அழி. மூன்று சைகையும் அவன் கண்டுபிடித்தவை. சாயங்காலங்களில் சாப்பாட்டு மேஜைக்கு இந்தப் பக்கம் அவனும் அந்தப் பக்கம் ஷைனியும் உட்கார்ந்து பழகியவை. அப்போது அது என்னமோ பெரிய கெட்டிக்காரத்தனமாகத் தெரிந்தது. அவன் பெண்டாட்டி எஸ்தர்கூட அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்து, "என்னது, அப்பாவும் மவளும் சீட்டாட்டக் கள்ளங்க மாதிரி" என்று சிரித்தாள், சிரித்தாளே, அன்றைக்கே ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் என்ன. போன வருஷம் இதே ஹாலில் இதே ஜன்னலில் நின்று இந்தச் சைகைகளால்தான் ஒரு கலங்கரை விளக்கத்தை அடியிலிருந்து நுனிவரை கட்டி எழுப்பினான். இரண்டாம் பரிசு. படத்துக்குச் சட்டம் போட்டு முன்னறையில் மாட்டியாயிற்று. வீட்டுக்கு வருகிறவர்கள், பிள்ள வரைஞ்சதா, அச்சுல அடிச்ச மாதிரி இருக்கே என்பார்கள். அவனுக்கு உச்சி குளிர்ந்துவிடும். ஷைனி மட்டும் அந்த நேரம் பார்த்து எழுந்து உள்ளே போய்விடுவாள். கூச்சம் என்று நினைத்தான். பெண்பிள்ளைக்குக் கொஞ்சம் கூச்சம் இருக்கத்தானே செய்யும் என்று வந்தவர்களிடம் சமாதானம் வேறு சொன்னான். கூச்சமாம் கூச்சம். தான் செய்யாத காரியத்துக்குப் பாராட்டு வாங்குகிறபோது மனுஷன் எங்கே பார்ப்பான், அந்தப் பிள்ளை எங்கே பார்க்கும். அவன் ஒருத்தனுக்குத்தான் அது தெரியவில்லை.

இந்த வருஷத்துக்கு மயில், தேர், மரம் வளர்ப்போம் என்று மூன்று படம் தயார் செய்துகொண்டு வந்திருந்தார்கள். கண்ணைக் கட்டிவிட்டாலும் ஷைனி போட்டுவிடுவாள். மைக்கில் தலைப்பைச் சொன்னார்கள்: மழை பெய்யும்போது எங்கள் வீடு. ஜன்னல் முழுக்க ஒரே முணுமுணுப்பு, இது என்ன அநியாயமா இருக்கு, போன வருசம் போலக் குடுக்க வேண்டியதுதானே என்று. தோகை விரித்தவள் பாதித் தோகையோடு கையைக் கீழே போட்டாள், பிறகு மழைக்கும் மயில் ஆடும்தானே என்று மறுபடி விரிக்க ஆரம்பித்தாள். ஆனால் ஷைனி குனிந்துவிட்டாள். அதுதான் ஆச்சரியம். அவனை நிமிர்ந்தே பார்க்காமல் குனிந்து விறுவிறுவென்று வரைய ஆரம்பித்துவிட்டாள். நாக்கு நுனி கடைவாயில் துருத்திக்கொண்டிருந்தது. அந்த நாக்கை அவன் பார்த்து எவ்வளவு நாளாயிற்று. அவள் என்ன போடுகிறாள் என்று கழுத்தை நீட்டினான். வீடு இல்லை, மரம் இல்லை, தெரு இல்லை. வட்டம். ஒரு பெரிய வட்டம், பக்கத்தில் ஒரு சின்ன வட்டம், அதற்குப் பக்கத்தில் வயிறு பெருத்த ஒன்று, நீளமாக ஒன்று. தாள் முழுக்கப் பரப்பிக்கொண்டே போகிறாள். என்ன இழவு இது என்று அவன் யோசித்து முடிப்பதற்குள் புரிந்துவிட்டது. அண்டா. சொம்பு. குடம். பால் சட்டி. மழை பெய்தால் அவர்கள் வீட்டில் அடுக்களையும் முன்னறையும் ஒழுகும், எஸ்தர் பாத்திரங்களைக் கொண்டுவந்து வரிசையாக வைப்பாள், ஷைனி நடுவில் சம்மணம் போட்டு உட்கார்ந்து ஒவ்வொன்றும் ஒவ்வொரு மாதிரி சத்தம் போடுவதைக் கேட்டுக்கொண்டிருப்பாள். ஞானதுரை ஒரு இன்ஜினியர் ஆபீசில் டிராஃப்ட்ஸ்மேன். ஊரில் பாதிப் பேருக்கு வீட்டு பிளான் போடுகிறவன். பிளான் போடுகிறவன் வீடு ஒழுகுகிறது என்று நாலு பேருக்குத் தெரிய வேண்டுமா, அதுவும் படமாகப் போட்டு, அதுவும் இந்த ஹாலில், பரிசு கொடுக்க வருகிறவர்களில் ஒருவர் அவனுடைய இன்ஜினியருக்கு மச்சினன். கை தானாகப் போய்க் காதைப் பிடித்துவிட்டது. அந்த நேரம் பார்த்துத்தானா அவள் நிமிர வேண்டும். ஒரு நொடி பார்த்தாள். நாக்கு உள்ளே போயிற்று. ரப்பரை எடுத்தாள்.

அண்டாவை அழித்தாள், குடத்தை அழித்தாள். அழித்த இடமெல்லாம் சாம்பல் பூத்துவிட்டது. அதற்கு மேலேயே முக்கோணக் கூரை வைத்து ஒரு வீடு போட்டாள், ரெண்டு ஜன்னல், ஒரு கதவு, கோணல்மாணல் இல்லாத வீடு, உலகத்தில் யாருமே குடியிருக்காத வீடு. அதோடு நிறுத்திவிட்டு நிமிர்ந்தவள்தான், இன்னும் குனியவில்லை. கூரைக்கு மேலே என்ன போட என்று கேட்கிற பார்வை. காதைப் பிடிக்கக் கூடாது. நெஞ்சிலும் கை வைக்கக் கூடாது. இனி எதையுமே சொல்லக் கூடாது, இப்போது, இந்த நிமிஷத்திலிருந்து. சொல்வது சுலபம். போன வாரம் ஸ்கூலில் ஒரு வகுப்புக்கு டீச்சர் வராமல், எல்லாரும் பிடிச்ச படம் வரைங்க என்று வேறொரு டீச்சர் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். திரும்பி வந்து பார்த்தால் எல்லாப் பிள்ளைகளும் எதையெதையோ கிறுக்கிவைத்திருக்க, ஷைனி மட்டும் வெறுந்தாளோடு உட்கார்ந்திருந்தாளாம். ஏன் வரையல என்று கேட்டதற்கு, எங்கப்பா இங்க இல்லியே மிஸ் என்றாளாம். டீச்சர் அதை ஒரு வேடிக்கை மாதிரிதான் எஸ்தரிடம் சொன்னார். எஸ்தருக்கு வேடிக்கையாக இல்லை. ராத்திரி பாத்திரம் கழுவிக்கொண்டே, திரும்பிப் பாராமல் சொன்னாள்: "அவ படமா வரையுதா? உங்க மூஞ்சியத்தான் பாக்கா. மூஞ்சி என்ன சொல்லுதோ அதப் போடுதா. நாளைக்கு நீங்க இல்லன்னா அந்தப் பிள்ள என்ன செய்யும்?" அவனுக்குக் கோபம் வந்தது. ஊரில் எந்த அப்பன் இப்படி மெனக்கெடுகிறான் என்று கத்தினான். கத்திவிட்டுப் படுத்தவனுக்குத் தூக்கம் வரவில்லை.

மெனக்கெட்டதுதான் பிசகு. ஷைனிக்கு நாலு வயது இருக்கும்போது அவன் ஆபீசிலிருந்து கொண்டுவருகிற பழைய பிளான் தாள்களின் பின்பக்கமெல்லாம் யானையாகத்தான் இருக்கும். ஒரு யானைக்கு ஏழெட்டுக் கால். ஏன் பாப்பா இத்தனை கால் என்று கேட்டால், அது ஓடுதுல்லா என்பாள். அவன் அவளைத் தூக்கி மடியில் வைத்து, பொறுமையாக, பாசமாக, யானைக்கு எத்தனை கால், எண்ணு பார்ப்போம் என்று சொல்லிக்கொடுத்தான். அடித்தானா, வைதானா, ஒன்றுமில்லை, பாசமாகத்தான் சொன்னான். அடுத்த யானைக்கு நாலு கால். அது ஓடவில்லை, நின்றது. பிறகு கொஞ்ச நாளில் யானையே வரவில்லை, அப்பா நீங்க போட்டுக் குடுங்க நான் கலர் அடிக்கேன் என்று ஆரம்பித்தாள். கோட்டுக்கு வெளியே போகாமல் கலர் அடித்தாள். என்ன சுத்தம் என்று மெச்சிக்கொண்டான். அவனுக்குத் தெரிந்ததெல்லாம் கோடு ஒன்றுதான். அவன் பிழைப்பில் கோடு ஒன்று சரியாக இருக்கும், இல்லாவிட்டால் தப்பாக இருக்கும், ஒரு சுவர் ஒரு அங்குலம் பிசகினால் கொத்தனார் போனில் கூப்பிட்டு மானத்தை வாங்கிவிடுவார். அந்தப் பயத்தைக் கொண்டுவந்து பிள்ளை கையில் கொடுத்துவிட்டான். ஓடுகிற யானைக்கு யாராவது பிளான் போடுவார்களா. இப்போது அதை நினைத்தால் அழுகை வருகிறது, ஆனால் அழுதால் முகம் கோணும், முகம் கோணினால் அவள் ரப்பரை எடுப்பாள்.

ஆமாம், அதுதான் இப்போது பெரிய ஆபத்து, முகம். கையை அடக்கிவிடலாம், முகத்தை எங்கே கொண்டு வைக்க. சாதாரணமாக வைத்துக்கொள்ளலாம் என்று எல்லாத் தசையையும் தளர்த்தினான். உள்ளே ஷைனியின் புருவம் சுருங்கியது. அவன் ஒன்றும் காட்டாமல் இருந்தால் கோபத்தில் இருக்கிறான் என்று அர்த்தம், அது அவளுக்கு அத்துப்படி. சரி, சிரிக்கலாம். சிரித்தான். அவள் அவசர அவசரமாகக் கூரைக்குப் பக்கத்தில் ஒரு தென்னைமரம் போட்டாள், போட்டுவிட்டு மறுபடி நிமிர்ந்தாள். சிரிப்பு என்றால் பழகின படம் மாதிரியே வந்திருக்கிறது என்று அர்த்தம், மேஜையில் அப்போது மட்டும்தான் சிரித்திருக்கிறான். எந்தப் பக்கம் போனாலும் முட்டுச்சந்து. வாயால் சொல்லலாமா, உனக்குப் பிடிச்சதப் போடு மக்கா என்று கத்தலாமா. கத்தினால் அதுவும் ஒரு உத்தரவுதானே. எது பிடித்தது என்பதற்கும் அவன் முகத்தைத்தான் பார்ப்பாள். போய்விடலாம், கேட்டுக்கு வெளியே டீக்கடை இருக்கிறது, அங்கே போய் நின்றுகொள்ளலாம். போனால்? கோவித்துக்கொண்டு போய்விட்டார் என்று அழுவாள். தேம்பித் தேம்பி அழுகிற ஜாதி இல்லை, சத்தமே இல்லாமல் கண்ணீர் வடிப்பாள், அது தாளில் விழும், அதையும் ரப்பரால் அழிக்கப் பார்ப்பாள். அப்புறம் பென்சிலையே தொட மாட்டாள், இன்றைக்கில்லை, என்றைக்கும். அவனுக்கு அது நிச்சயமாகத் தெரிந்தது. பயமாக இருந்தது. சுற்றிலும் பிள்ளைகள் மளமளவென்று மேகமும் குடையும் போட்டுக்கொண்டிருக்க, மைக்கில் யாரோ, பாதி நேரம் முடிஞ்சிட்டு, எல்லாரும் கலருக்கு வந்துருங்க என்றார்கள். காது அரித்தது, நிஜமாகவே அரித்தது, எப்பேர்ப்பட்ட சோதனை.

"அண்ணாச்சி, கொஞ்சம் தள்ளிக்கிடுங்க, எம்பிள்ளைக்கு என்னயத் தெரிய மாட்டுக்கு" என்று தோகை விரித்தவள் முழங்கையால் இடித்துக்கொண்டு முன்னே வந்தாள். சண்முகவடிவு என்று பேர், போன வருஷமும் இதே ஜன்னலில்தான் நின்றாள், அவள் மகன் கதிர் ஷைனிக்குப் பின்வரிசை. நல்ல அகலமான உடம்பு. அவள் நுழைந்ததும் ஞானதுரைக்கு ஹால் மறைந்துவிட்டது, ஹாலுக்கும் அவன் மறைந்திருப்பான். வழக்கமாக என்றால் சண்டைக்குப் போயிருப்பான். எக்கினால் போதும், அவள் தோளுக்கு மேலே முகம் தெரியும், ஷைனி தேடிக்கொண்டிருப்பாள், எக்கு, எக்கு என்று கால் கட்டைவிரல்கள் துடித்தன. அவன் எக்கவில்லை. என்ன செய்கிறோம் என்று தெரியாமலே சுவரில் முதுகைத் தேய்த்துக்கொண்டு கீழே இறங்கி, ஜன்னல் திண்டுக்கு அடியில், செருப்புகளுக்கும் தண்ணீர் பாட்டில்களுக்கும் நடுவில் குத்தவைத்து உட்கார்ந்துவிட்டான். இஸ்திரி போட்ட பேன்ட், சட்டைப்பையில் ரெண்டு பேனா, முன்தலை வழுக்கை விழத் தொடங்கிய ஒரு மனுஷன், ஒளிஞ்சு விளையாடுகிறவன் மாதிரி.

சண்முகவடிவு குனிந்து பார்த்தாள். "என்ன அண்ணாச்சி, மயக்கம் கியக்கம் வருதா? சோடா வாங்கியாரச் சொல்லட்டா?" "ஒண்ணுமில்லம்மா. நான் இங்க இல்லன்னு நெனச்சுக்கிடுங்க." "இல்லன்னா? உங்க பிள்ள தேடுதுல்லா, எந்திரிங்க." அவன் தலையை ஆட்டினான். சுவரின் சூடு முதுகில் ஏறியது. இப்போது ஒன்றும் தெரியவில்லை. எதிரே காம்பவுண்டு சுவர், அதில் ஒரு ஓணான், ஓணானும் தலையை ஆட்டுகிறது, சரி என்கிறதா அழி என்கிறதா. மேலேயிருந்து சண்முகவடிவின் குரல்தான் வந்துகொண்டிருந்தது, அவளை யாரும் கேட்கவில்லை, ஆனால் அவளால் சொல்லாமல் இருக்க முடியாது. "ஜன்னல் ஜன்னலாப் பாக்கா அண்ணாச்சி. அந்தக் கோடி ஜன்னலப் பாத்துட்டா. இந்தா, இங்க பாக்கா. ஐயோ, என்னையப் பாக்கா. நான் என்ன செய்யட்டும்?" "ஒண்ணும் செய்யாதீங்க." "பென்சிலக் கீழ வச்சிட்டா." "அழுதாளா?" "அழல. உதட்டக் கடிச்சுக்கிட்டு இருக்கா." எழுந்துவிடலாம். ஒரே ஒரு தடவை முகத்தைக் காட்டிவிட்டு, இருக்கேன் பாப்பா என்று மட்டும் காட்டிவிட்டு மறுபடி உட்கார்ந்துகொள்ளலாம். அந்த ஒரு தடவையில் முகம் என்ன சொல்லித் தொலைக்குமோ. முழங்காலைக் கட்டிக்கொண்டான். கர்த்தாவே, அந்தப் பிள்ளை பென்சிலை எடுக்கட்டும், பரிசு கிரிசு ஒன்றும் வேண்டாம், அண்டாவோ ஒழுகலோ எதையோ போடட்டும், இன்ஜினியரின் மச்சினன் பார்க்கட்டும், ஊரே பார்த்துச் சிரிக்கட்டும். இவ்வளவு உருகி அவன் ஞாயிற்றுக்கிழமை கோயிலில்கூட ஜெபித்ததில்லை. "கல்நெஞ்சுதான் அண்ணாச்சி உங்களுக்கு" என்றாள் சண்முகவடிவு. "எந்திரிச்சிட்டா. அண்ணாச்சி, எந்திரிச்சிட்டா. அட்டைய அங்கயே போட்டுட்டு வாரா. ஜன்னலுக்குத்தான் வாரா."

ஆயிற்று, எல்லாம் ஆயிற்று என்று நினைத்தான். வெளியே வந்துவிடுவாள், வீட்டுக்குப் போவோம்ப்பா என்பாள், எஸ்தரிடம் என்ன சொல்வது. தலைக்கு மேலே கம்பியில் சின்னக் கைகள் பிடிக்கிற சத்தம். சண்முகவடிவு நகர்ந்து இடம் விட்டாள். கம்பிக்கு நடுவே நெற்றியை அழுத்திக்கொண்டு ஷைனி கீழே எட்டிப் பார்த்தாள். அண்ணாந்து பார்த்தால் முகம் தெரிந்துவிடும் என்று ஞானதுரை குனிந்தபடியே இருந்தான், தன் செருப்பையே பார்த்துக்கொண்டு.

"அப்பா. கீழ என்ன செய்யுதீங்க?"

"சும்மாதான் பாப்பா. உக்காந்திருக்கேன்."

"போயிட்டீங்கன்னு நெனச்சேன்."

"போகல. இங்கனயேதான் இருப்பேன்."

"கோவமா?"

"இல்ல. சத்தியமா இல்ல."

"அப்ப, பாக்க மாட்டீங்களா?"

பார்க்காமல் இருக்க ஒரு அப்பனுக்கு எவ்வளவு கஷ்டமாக இருக்கும் என்று இதற்கு எப்படிப் புரியவைப்பது, புரியவைக்கவும் கூடாது. "நீ கூப்ட்டா பாக்கேன்" என்றான். அவள் மூச்சுவிடுவது கேட்டது, ஜலதோஷம் பிடித்த மூக்கு, காலையில் மருந்து கொடுக்க மறந்துவிட்டான். உள்ளே டீச்சர், "ஏ பாப்பா, எடத்துல போய் உக்காரு, நேரம் ஆவுது" என்றார். கைகள் கம்பியை விடவில்லை. அவள் யோசிக்கிறாள். வேறு யார் முகத்தையும் பார்க்காமல், அவனுடைய வழுக்கை விழுந்த தலையை மட்டும் பார்த்துக்கொண்டு அவளாகவே யோசிக்கிறாள் என்பது அவனுக்குத் தெரிந்தது. குனிந்தபடியே காத்திருந்தான்.

"எந்திரிக்காதீங்க, என்னப்பா?" என்றாள் ஷைனி. "நான் சொல்லுத வரைக்கும் எந்திரிக்காதீங்க."

கைகள் கம்பியை விட்டன. வெறுங்கால்கள் சிமெண்டுத் தரையில் தடதடவென்று ஓடுகிற சத்தம், அப்புறம் ஹாலின் இரைச்சலில் அது கலந்துவிட்டது. அவனுக்கு வருத்தமா சந்தோஷமா என்று பிரித்துப் பார்க்கக்கூட முடியவில்லை, ரெண்டும்தான். தன்னை வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். போகவும் கூடாது என்று சொல்லிவிட்டாள். இப்படி ஒரு இடம் இருக்கிறது என்று இத்தனை வருஷத்தில் அவனுக்குத் தோன்றியதே இல்லை. முழங்கால் மரத்துப்போய், காலில் எறும்பு ஊர்கிற மாதிரி இருந்தது. போகிற வருகிறவர்கள் ஒரு மாதிரி பார்த்துக்கொண்டு போனார்கள். மேலே சண்முகவடிவு தன் மகனுக்குக் கைகாட்டுவதையும் மறந்துவிட்டுக் கம்பியில் முகத்தைப் பதித்துக்கொண்டு நின்றாள். சற்று நேரம் கழித்து அவளுக்குத் தாங்க முடியவில்லை.

"அண்ணாச்சி, உங்க பிள்ள என்ன போடுதான்னு பாக்கணுமே, ஐயோ, அது வந்து…"

"சொல்லாதீங்க தாயி" என்றான் ஞானதுரை. "அவ கூப்டட்டும்."

சண்முகவடிவு மறுபடி கம்பியில் முகத்தைப் பதித்துக்கொண்டாள். அவன் எந்திரிக்கவில்லை.